ஓடைக்கு அந்தப் பக்கம்

எங்கள் ஊர் ஜவ்வாது மலையில் இருக்கிறது. தார் ரோடு முடிகிற இடத்தில் ரேஷன் கடையும் பள்ளிக்கூடமும் உள்ள ஒரு பெரிய ஊர் உண்டு. பஸ் அதோடு திரும்பிவிடும். அங்கிருந்து ஒற்றையடிப் பாதையில் பள்ளத்தில் இறங்கி, மறுபடி ஏறி, மூங்கில் காட்டுக்குள் நடந்தால் ஓடை வரும். ஓடையைத் தாண்டினால் எங்கள் ஊர். காலை பஸ்ஸில் வந்து இறங்குகிறவர்கள் வெயில் உறைப்பதற்குள் வீடு சேரலாம். அரிசி மூட்டை தூக்கி வருகிறவர்கள் பாதி வழியில் சுமையை இறக்கி வைத்து, அரசாங்கத்தைத் திட்டிவிட்டு, மறுபடி தூக்கி வருவார்கள். ரோடு போடுகிறோம் என்று அளந்துவிட்டுப் போனவர்கள் நட்ட கல் இன்னும் நிற்கிறது. அதில் ஆடுகள் முதுகைத் தேய்த்துக்கொள்கின்றன.

நான் கல்யாணமாகி வந்தபோது சரிவில் மேலும் கீழுமாக வீடுகள் நெருக்கமாக இருந்தன. ஒரு வீட்டில் மிளகாய் வறுத்தால் ஊரே தும்மும். இப்போது பாதி வீட்டில் ஆள் இல்லை. கதவைக் கயிற்றால் கட்டிவிட்டு திருப்பூர், பெங்களூர், கேரளா என்று போய்விட்டார்கள். வீடுகளுக்கு மேலே சாமை விதைக்கிற கொல்லை. கீழே ஓடையை ஒட்டிக் கொஞ்சம் நெல். கிழக்கே ஒரு பெரிய பாறை. அதில் ஏறி நின்றால்தான் போன் எடுக்கும். மழை விட்ட நாளில் அங்கிருந்து பார்த்தால் கீழே சந்தவாசல் பக்கத்து ஏரி தகரம் போலத் தெரியும். நான் பிறந்த ஊர் அந்த ஏரிக்குக் கிட்டே.

அப்பா மலையில் புளி வாங்கிக் கீழே விற்பவர். புளி வாங்கப் போன வீட்டிலேயே மாப்பிள்ளையும் பார்த்துவிட்டார். அஞ்சாவது வரை படித்தேன். அதற்குமேல் படிக்கவைக்கிற பழக்கம் எங்கள் வீட்டில் இல்லை. எனக்குச் சின்னதிலிருந்தே கூச்சம். நாலு பேர் இருக்கிற இடத்தில் வாய் திறக்க வராது. மலைக்கு வந்த புதிதில் என்னை ஊமை என்றே நினைத்தார்கள். என் மாமியார் தண்ணீர் மொள்ளப் போகிற இடத்தில் எல்லோரிடமும் சொல்வார்:

"அந்த ஆளு கெட்டிக்காரன்மா. பேசற வாயெல்லாம் அவனே வெச்சிகினு, பேசாத பொண்ண நம்ம தலையில கட்டிட்டான். நேத்து வந்து புளி வெலைய எப்டிக் கொறைச்சிட்டுப் போறான் பாத்தியா?"

என் வீட்டுக்காரர் அதைக் கேட்டுச் சிரிப்பார். "வுடும்மா, ரெண்டு பேருக்கும் சேத்து நானே பேசிக்கிறேன்" என்பார். அப்படித்தான் நாற்பது வருஷத்துக்கு மேல் பேசினார். எங்களுக்குப் பிள்ளை இல்லை. அவர் பேச்சுதான் வீட்டில் சத்தம்.

ஊரைப் பற்றிச் சொல்ல வேண்டுமானால் ஓடையைப் பற்றித்தான் சொல்ல வேண்டும். ஓடைக்கு அந்தப் பக்கம், மூங்கில் காடு முடிகிற இடத்தில், ஒரு மேடு இருக்கிறது. அதைப் பழையூர் என்பார்கள். முதலில் ஊர் அங்கேதான் இருந்ததாம். சுவர் எடுத்த கல்வரிசை புல்லுக்குள் இன்னும் தெரியும். ஒரு உடைந்த ஆட்டுக்கல் கிடக்கும். யாரும் அதை எடுத்து வந்து பயன்படுத்த மாட்டார்கள். எந்தக் காலத்திலோ ஒருவர் கீழே சந்தைக்குப் போய், போன இடத்தில் பேதி கண்டு செத்திருக்கிறார். உடம்பைத் தூக்கி வந்து வீட்டில் வைத்து அழுதிருக்கிறார்கள். குளிப்பாட்டினவர்கள் போனார்கள், தூக்கினவர்கள் போனார்கள், குழி தோண்டினவர்களும் போனார்கள். தோண்ட ஆள் இல்லாமல் கடைசியில் வீட்டையே மேலே தள்ளி மூடிவிட்டு, மிச்சம் இருந்த மூன்று குடும்பம் ஓடையைத் தாண்டி இந்தப் பக்கம் வந்தது. வரும்போது ஓடையில் நின்று அம்மனிடம் ஒரு வாக்குக் கொடுத்ததாம். வெளியே போன உயிர் வெளியேதான். செத்த உடம்பு எதுவும் இந்த ஓடையைத் தாண்டி உள்ளே வராது.

அந்த மூன்று குடும்பத்தில் பெருகினதுதான் எங்கள் ஊர்.

இதற்கென்று ஒரு முறை உண்டு. சீக்காளியை வெளியிலிருந்து தூக்கி வந்தால் ஓடைக்கு அந்தப் பக்கமே இறக்க வேண்டும். ஊர் நல்லது கெட்டதற்கு முன்னால் நிற்கிறவரை எங்கள் பக்கம் ஊர்க்கவுண்டர் என்போம். அவர் வந்து ஓடைத் தண்ணீரைக் கையில் அள்ளிச் சீக்காளியின் வாயில் விடுவார். தண்ணீர் தொண்டையில் இறங்கினால் உயிர் இருக்கிறது, உள்ளே கொண்டு போகலாம். இறங்காமல் கடைவாயில் வழிந்துவிட்டால் அங்கேயே குழி.

முன்காலத்தில் இது யாருக்கும் கஷ்டமாக இருந்ததில்லை. பிறப்பும் சாவும் எல்லாம் வீட்டில்தான். ஊருக்கு மேற்கே புங்க மரத்தடியில் எங்கள் இடுகாடு. என் மாமனார், மாமியார், அவர்களுக்கு முன்னால் இருந்தவர்கள் எல்லாம் வரிசையாக அங்கே இருக்கிறார்கள். எரிக்கிற வழக்கம் இல்லை. புதைத்து, மேலே நாய் நரி தோண்டாமல் கல் அடுக்குவோம்.

பிறகு ரேஷன் கடை ஊர் வரைக்கும் தார் ரோடு வந்தது. ஆம்புலன்ஸ் வந்தது. பிரசவம் என்றாலும் பாம்பு கடித்தாலும் கீழே கொண்டு போக ஆரம்பித்தார்கள். நிறையப் பேர் பிழைத்துத் திரும்பி வந்தார்கள், அதை மறைக்கக் கூடாது. பிழைக்காதவர்களுக்குத்தான் இடம் இல்லாமல் போனது. முதலில் அந்தப் பக்கம் படுத்தது ஒரு சின்னப் பெண். தலைச்சன் பிரசவத்துக்குப் போனவள். குழந்தை ஓடையைத் தாண்டி உள்ளே வந்தது, தாய் அந்தப் பக்கம் நின்றுவிட்டாள். அடுத்து தேன் எடுக்கப் பாறையில் ஏறி விழுந்தவர். அதற்கும் அடுத்து ஊர்க்கவுண்டரின் மகன்.

அந்த மகன் போர்வெல் வண்டியில் வேலைக்குப் போயிருந்தார். எந்த ஊர் என்றுகூட எங்களுக்குச் சரியாகத் தெரியாது, வடக்கே எங்கேயோ. குழாய் சரிந்து விழுந்து போய்விட்டார். வேனில் ரேஷன் கடை ஊர் வரை வந்து, அங்கிருந்து தூக்கி வந்தார்கள். ஊரே ஓடைக்கரையில் நின்றது. ஊர்க்கவுண்டர்தான் முறை செய்ய வேண்டும். யாராவது அவரைத் தடுப்பார்கள், செத்து இரண்டு நாள் ஆன உடம்புக்கு என்ன தண்ணீர் என்று சொல்வார்கள் என்று எதிர்பார்த்தேன். யாரும் சொல்லவில்லை. அவர் ஓடையில் இறங்கித் தண்ணீர் அள்ளி, துணியை விலக்கி, மகன் வாயில் விட்டார். வழிந்தது. "எறங்கல" என்று அவரே சொன்னார். சொல்லிவிட்டு மண்வெட்டியை வாங்கி முதல் வெட்டு அவரே வெட்டினார். அதன்பிறகு தினமும் ஆடுகளை அந்தப் பக்கம்தான் ஓட்டிப் போவார். இந்தப் பக்கம் எவ்வளவு புல் இருந்தாலும் அப்படித்தான்.

போன ஐப்பசிக்கு முந்தின ஐப்பசியில் என் வீட்டுக்காரருக்குக் காய்ச்சல் வந்தது. மழையில் நனைந்து நெல் வயலுக்கு வரப்பு கட்டினார், அதில் பிடித்துக்கொண்டது. கசாயம் கொடுத்தேன். கேட்கவில்லை. மூச்சு விடும்போது நெஞ்சுக்குள் சோளம் பொரிகிற மாதிரி சத்தம். கீழே போகலாம் என்று அவர் தம்பி சொன்னார். தம்பி என்றால் என் கொழுந்தன், ஒரே சுவருக்கு அந்தப் பக்கம் இருப்பவர்.

"நான் வர்ல" என்றார் இவர். "போனா அந்தப் பக்கம் போட்டுடுவானுங்க. எங்கப்பன் ஆத்தாகிட்ட என்னைப் போடணும்."

"செத்தாத்தான அதெல்லாம்? ஊசி போட்டா சரியாப் பூடும். எழுந்துரு."

"டேய், நீ சொல்லு. எனுக்கு ஏதாவது ஆனா உசுரு இருக்கும்போதே கொண்டாந்துடுவியா?"

"கொண்டாந்துடறேன்."

"அம்மன் மேல சொல்லு."

கொழுந்தன் அம்மன் மேல் சொன்னார். அதன்பிறகுதான் இவர் டோலியில் ஏறினார். மூங்கில் கழியில் கம்பளியைத் தொட்டில் மாதிரி கட்டித் தூக்குவதை எங்கள் பக்கம் டோலி என்போம்.

திருப்பத்தூரில் ஒரு ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். மூக்கில் குழாய் வைத்தார்கள். கையில் மருந்து ஏற்றினார்கள். நெஞ்சில் சளி கட்டியிருக்கிறது, நிமோனியா என்றார்கள். நான் கட்டிலுக்குக் கீழே பாய் போட்டு இருந்தேன். கொஞ்ச நாளில் சத்தம் குறைந்தது. பால் குடித்தார். எதிர்க் கட்டில்காரரிடம் நெல் விலை பேசினார். அவர் பேச ஆரம்பித்ததும் எனக்கு உயிர் வந்த மாதிரி இருந்தது.

அந்த எதிர்க் கட்டில்காரர் மறுநாள் விடிகாலையில் போய்விட்டார். நல்லா இருந்தவர், இட்லி வாங்கி வரச் சொல்லி மகனை அனுப்பிவிட்டு, மகன் வருவதற்குள் போய்விட்டார். கொழுந்தனுக்கு அதைப் பார்த்ததிலிருந்து கால் நிற்கவில்லை. வராந்தாவில் போவதும் வருவதுமாக இருந்தார். இவரும் அதற்குப் பிறகு ஒரு வாய் சாப்பிடவில்லை. "சொன்ன சொல்லு ஞாபகம் கீதாடா?" என்று தம்பியைப் பார்த்துக் கேட்டார். அவ்வளவுதான். கூட்டிப் போகிறோம் என்று கொழுந்தன் சொல்லிவிட்டார்.

டாக்டரம்மா சின்னப் பெண். கோபம் வந்துவிட்டது.

"நல்லா ஆய்ட்டு வர்றவரை எங்க கூட்டிட்டுப் போறீங்க? இன்னும் நாலு நாள் மருந்து ஏறணும்."

"எங்க ஊர்ல ஒரு சாங்கியம் இருக்குதுங்க."

"சாங்கியத்துக்காக ஆளைச் சாவடிப்பீங்களா?"

கொழுந்தன் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். ஓடையையும் பேதியையும் பழையூரையும் அந்தப் பெண்ணிடம் எங்கிருந்து ஆரம்பித்துச் சொல்வது? டாக்டரம்மா என்னைப் பார்த்தார். "நீங்க சொல்லுங்கம்மா. உங்க வீட்டுக்காரர்தானே?" நான் இவரைப் பார்த்தேன். இவர் கூரையில் சுற்றும் பேனைப் பார்த்துக்கொண்டே, "வூட்டுக்குப் போலாம்" என்றார். கையெழுத்துப் போட்டுவிட்டுக் கிளம்பினோம்.

ஒரு வாடகை வேனில் ரேஷன் கடை ஊருக்கு வந்தபோது வெயில் வந்துவிட்டது. டோலி தயாராக இருந்தது. கொழுந்தனும் இன்னும் மூன்று பேரும் தூக்கினார்கள். அதில் ஒருவர் இவருக்கு மச்சான் முறை. ஊரில் இருக்கிற கேலிப் பேச்செல்லாம் அவர் வாயில்தான்.

"இன்னா மாமா, ஆஸ்பத்திரில பிரியாணி போட்டாங்களா? போவும்போது பஞ்சு மாரி இருந்த, இப்ப இந்தக் கனம் கனக்கிற?"

"உன் அக்காளக் கட்டி இருந்தா எளைச்சிருப்பேன்டா" என்றார் இவர். குரல் உள்ளே போய்விட்டிருந்தது. ஆனாலும் எல்லோரும் சிரித்தார்கள். நானும் முந்தானைக்குள் சிரித்தேன். மழையில் பாதை வழுக்கியது. பள்ளத்தில் இறங்கும்போது முன்னால் தூக்கினவர்கள் மெல்லக் கால் வைத்தார்கள்.

ஏற்றத்தில் மச்சான் மறுபடி பேச்சுக் கொடுத்தார். "மாமா, எங்க அக்கா இப்பவும் ரெடியாத்தான் கீறா, கேட்டுப் பாக்கட்டுமா?" பதில் வரவில்லை. "தூங்கிட்டியா?" என்றார். நான் டோலிக்குப் பக்கத்தில் நடந்துகொண்டிருந்தேன். கம்பளிக்கு வெளியே தொங்கிய கையைப் பிடித்து உள்ளே வைக்கப் போனேன். வைத்த கை வைத்தபடி இல்லாமல் மறுபடி வெளியே விழுந்தது. டோலியை நிறுத்தவில்லை.  மூங்கில் காட்டுக்குள் நாலு பேர் மூச்சு வாங்கும் சத்தம் மட்டும் வந்தது. முன்னால் போன கொழுந்தன் திரும்பி என்னைப் பார்த்தார். பிறகு தோளில் இருந்த துண்டை எடுத்து, வெயிலுக்கு மறைப்பதுபோல இவர் முகத்தில் போட்டார்.

"அண்ணி" என்றார் மெல்ல. "ஊர்க்கவுண்டருக்குக் கண்ணு தெரியாது. தண்ணி வுட்டதும் முழுங்கிட்டாருன்னு நீங்க சொல்லிடுங்க. நாங்க தூக்கிகினு போயிடறோம். வூட்டுக்குப் போய்ட்டு அழுதுக்கலாம்."

உண்மைதான். அதற்கு முந்தின வருஷத்திலிருந்தே ஊர்க்கவுண்டருக்குக் கண்ணில் பூ விழுந்திருந்தது. ஆள் நிழல் மாதிரிதான் தெரியும். தண்ணீரை அவர் விடுவார், இறங்கியதா என்று கூட வந்தவர்களிடம்தான் கேட்பார்.

ஓடையில் அன்று முழங்கால் அளவு தண்ணீர். அந்தப் பக்கத்திலேயே, மகனுடைய கல் அடுக்குக்குப் பக்கத்தில் அவர் உட்கார்ந்திருந்தார். நாங்கள் வருகிறோம் என்று யாரோ போனில் சொல்லியிருந்தார்கள். டோலியை இறக்கி, முகத்தில் இருந்த துண்டை எடுத்தோம். அவர் தடியை ஊன்றிக்கொண்டு ஓடையில் இறங்கி, இரண்டு கையிலும் தண்ணீர் அள்ளி வந்தார். வருவதற்குள் பாதி சிந்திவிட்டது. தடவித் தடவி வாயைக் கண்டுபிடித்தார். "மச்சான், நம்ம ஊர் தண்ணி. குடி" என்று சொல்லிக்கொண்டே விட்டார்.

தண்ணீர் என் பக்கக் கடைவாயில் வழிந்து, நரைத்த தாடிக்குள் ஓடி, கழுத்தில் இறங்கியது. நான் முந்தானையால் துடைத்தேன்.

"முழுங்குனாரா, தங்கச்சி?"

என்னை அவர் தங்கச்சி என்றுதான் கூப்பிடுவார். என் வீட்டுக்காரருக்கு மச்சான் முறை ஆனதால் எனக்கு அண்ணன். கொழுந்தன் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். மற்ற மூன்று பேரும் கழியில் கை வைத்துத் தூக்கத் தயாராகக் குனிந்துவிட்டார்கள். அக்கரையில் பொம்பளைகள் எல்லாம் நின்றிருந்தார்கள். என்னுடைய ஒரு வார்த்தைக்காக அத்தனை பேர் காத்திருந்தது அதற்கு முன்னாலும் இல்லை, பின்னாலும் இல்லை.

பொய் சொல்ல வேண்டும் என்றுதான் இருந்தேன். மூங்கில் காடு முழுக்க அந்த வார்த்தையை மனசுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டுதான் வந்தேன். ஆனால் கேட்டவர் கை இன்னும் ஈரமாக என் முகத்துக்கு நேராக நீட்டியபடி இருந்தது. அதே கையால் சொந்த மகனுக்கு விட்டு, எறங்கல என்று சொன்னவர். அவருக்குப் பின்னால் அந்தக் கல் அடுக்கு.

"இல்லண்ணா. ஏத்தத்துலயே போய்ட்டாரு."

குரல் பெரிதாக வந்துவிட்டது. அக்கரை வரைக்கும் கேட்டிருக்கிறது. அங்கே ஒப்பாரி எழுந்தது.

 ஊர்க்கவுண்டர் கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு, "எங்க புள்ளைக்குப் பக்கத்துல கல்லு இல்லாத மண்ணு. அங்க வெட்டுங்க" என்றார்.

கொழுந்தன் குழி வெட்டவில்லை. தள்ளிப் போய் மூங்கிலைப் பிடித்துக்கொண்டு நின்றார். எல்லாம் முடிந்து தலை முழுகிவிட்டு வரும்போதுதான் என்னிடம் சொன்னார்.

"அம்மன் மேல சத்தியம் பண்ணவன் நானு. ஒரே ஒரு வார்த்த அண்ணி. நாப்பது வருசமா பேசாத வாயி, இன்னிக்கிப் போய்த் தொறந்துச்சு பாரு."

அதற்குப் பிறகு பொங்கல் வரைக்கும் என்னோடு பேசவில்லை. அவர் மனைவி, என் ஓரகத்தி, குழம்பு கொண்டுவந்து வாசலில் வைத்துவிட்டு, "அக்கா, கிண்ணம்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போவாள்.

நான் தினமும் ஓடை தாண்டிப் போனேன். ஊர்க்கவுண்டர் ஆடு மேய்த்துக்கொண்டு அங்கேதான் இருப்பார். இரண்டு பேரும் இரண்டு கல் அடுக்குக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்போம். அவருக்கும் பேச்சு குறைவு. ஒருநாள் நான் கேட்டேன்.

"அண்ணா, நான் போனா என்னை இங்க போடச் சொல்லுவீங்களா? இவர் பக்கத்துல."

அவர் ஆட்டைத் தடவிக்கொண்டிருந்த கையை நிறுத்தினார்.

"உள்ள போன உசுரு வெளிய வரக் கூடாது தங்கச்சி. உள்ள செத்தா புங்க மரத்தடிதான். அதுவும் வாக்குதான். வெளிய இருந்து சாவு உள்ள வராது, உள்ள இருக்கற சாவு வெளிய போவாது. இதுவரைக்கும் யாரும் கேக்கல, அதான் உனக்குத் தெரியல."

"அப்ப நீங்க?"

"நான் தெனமும் யோசிக்கறேன். பகல்ல இங்கயே ஒக்காந்திருக்கும்போது போய்ட்டா நல்லது. ஆனா ராத்திரி வூட்டுக்குப் போய்த்தான ஆவணும்? பனி."

போன சித்திரையில் ஒரு காலை அவர் எழுந்திருக்கவில்லை. சாதாரணத் தூக்கம் மாதிரி வீட்டுக்குள்ளேயே போய்விட்டார். ஊரே நல்ல சாவு என்றது. மேளம் அடித்துக் கொண்டு போய்ப் புங்க மரத்தடியில் வைத்தார்கள். மகனுக்குப் பக்கத்தில் படுக்க அவர் ஆசைப்பட்டது எனக்கு மட்டும்தான் தெரியும். அன்றும் ஆம்பளைகள் கூட்டம். நான் சொன்னால் கேட்பார்களா, கேட்டாலும் செய்வார்களா என்று நின்றுகொண்டே இருந்தேன். மண் போட்டுவிட்டார்கள்.

ஊரில் இப்போது வயசான ஆம்பளை என்று பார்த்தால் என் கொழுந்தன்தான். அவரையே ஊர்க்கவுண்டர் ஆக்கினார்கள்.

போன மழைக்கு எனக்கு இருமல் வந்தது. நெஞ்சுக்குள் அதே பொரி சத்தம் என் காதுக்குக் கேட்டது. பயம் வந்தது. சாவதற்கு இல்லை. இங்கே, இந்த வீட்டுக்குள், தூக்கத்தில் செத்துவிடுவேனோ என்றுதான். கொழுந்தனிடம் போய் நின்றேன்.

"தம்பி, நான் கீழ எங்கம்மா வூட்டுக்கு, என் கூடப் பொறந்தவன்கிட்டப் போறேன்."

"ஆஸ்பத்திரிக்கா? நான் வர்றேன் இருங்க."

"ஆஸ்பத்திரிக்கு இல்ல. அங்கயே இருக்கப் போறேன். போய்ட்டன்னு சொன்னா ஓடை வரைக்கும் தூக்கிகினு வாங்க, போதும்."

அவர் உடனே புரிந்துகொண்டார். கீழே பார்த்தார்.

"உள்ளயே கண்ண மூடினாலும் அண்ணன் பக்கத்துல வைக்கறேன்னு நான் ஒருத்தன் சொல்லலாம் அண்ணி. நாளைக்கு ஊர்ல ஒரு கொழந்தைக்குக் காய்ச்ச வந்தாக்கூட என் தலையிலதான் விடியும். இருக்கறதே நாலு வூடு."

"உங்கள மாத்தச் சொல்லல தம்பி."

"அன்னிக்கு நீங்க அந்த வார்த்தைய..." என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார். அந்த ஒரு வார்த்தையைச் சொல்லியிருந்தால் இவர் புங்க மரத்தடியில் இருப்பார், நானும் கவலையில்லாமல் என் வீட்டில் சாகலாம். அவர் சொல்ல வந்தது எனக்குத் தெரியும். நானும் அதை நினைக்காத நாள் இல்லை.

கார்த்திகையில் கீழே வந்தேன். என் தம்பி வீட்டில் பின்கட்டில் எனக்குக் கட்டில் போட்டுக் கொடுத்தார்கள். சந்தவாசலில் ஒரு டாக்டரிடம் தம்பி கூட்டிப் போனான். வேண்டாம் என்று எப்படிச் சொல்வது? மாத்திரை கொடுத்தார். கீழே குளிரும் இல்லை. பத்துப் பதினைந்து நாளில் இருமல் நின்றுவிட்டது. பசி எடுக்கிறது. கன்னத்தில் சதை வைத்திருப்பதாகத் தெருவில் சொல்கிறார்கள். தம்பி மனைவி நல்லவள்தான். ஆனாலும் மாசம் ஆக ஆக, "அங்க கொல்லை வேலையெல்லாம் யாரு பாக்கறாங்க அண்ணி?" என்று கேட்கிறாள். அவர்களுடைய மகள் பிரசவத்துக்கு வரப் போகிறாள், அந்தக் கட்டில் வேண்டும். எதற்காக வந்தேன் என்பதை அவளிடம் நான் சொல்லவில்லை. கேட்டால் அந்த வீட்டில் சாவு வரட்டும் என்று காத்திருப்பதாகத்தானே ஆகும்.

மாசியில் ஓரகத்தி போன் செய்தாள். கொள்ளு பிடுங்க ஆள் இல்லை, ஒரு வாரம் வந்துவிட்டுப் போங்கள் என்றாள். முதல் பஸ்ஸில் போனேன். பள்ளம் இறங்கி ஏறுவதற்குள் நாலு இடத்தில் உட்கார்ந்தேன். மூச்சு இரைத்தது. ஓடையில் பேருக்குத்தான் தண்ணீர், செருப்பைக் கழற்றாமல் தாண்டலாம். இவர் மேல் அடுக்கிய கல்லில் மழைக்குச் சரிந்திருந்ததை எடுத்து வைத்தேன். அக்கரைக் கொல்லையில் அவர்கள் கொள்ளுப் பிடுங்குவது தெரிந்தது. ஓரகத்தி பார்த்துவிட்டாள்.

"அக்கா, இன்னா அங்கயே ஒக்காந்துட்ட? வா, களி கிண்டி வெச்சிருக்கேன்."

எழுந்தேன். கரை வரைக்கும் போனேன். நெஞ்சு இன்னும் அடித்துக்கொண்டிருந்தது. இந்த உடம்போடு உள்ளே போய், களி தின்று, என் பாயில் படுத்து, விடிந்து எழுந்திருக்காவிட்டால்? யாரும் ஒரு தப்பும் செய்யாமலே நான் புங்க மரத்தடிக்குப் போய்விடுவேன்.

"வர்லமா" என்றேன். "கால் வலிக்குது."

கொழுந்தன் பிடுங்கிய கொள்ளுச் செடியைக் கீழே போட்டார். அவளிடம் ஏதோ சொன்னார். கொஞ்ச நேரத்தில் தூக்குவாளியில் களியும் கீரையும் எடுத்துக்கொண்டு அவரே ஓடையைத் தாண்டி வந்தார்.  நான் சாப்பிடும் வரை தன் அண்ணனுடைய கல் அடுக்குக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, கல் இடுக்கில் முளைத்த புல்லைப் பிடுங்கினார். சாப்பிட்டதும் வாளியை ஓடையில் கழுவினேன். அவர் அதை வாங்கிக்கொண்டு அந்தப் பக்கம் போனார். நான் மூன்று மணி பஸ்ஸைப் பிடிக்க மூங்கில் காட்டுக்குள் நடந்தேன்.